பாத்திரம் கழுவும் எந்திரமும் பால்மரமும்

போன மாதம் ஒரு ஞாயிற்றுக்கிழமை, காலை ஆறரை மணி. வாரத்தில் அலாரம் வைக்காமல் தூங்கும் ஒரே நாள். அதற்கும் வேட்டு.

"ஏங்க, இங்க வந்து பாருங்க. அடுப்படி பூரா தண்ணி!"

தங்கமணியின் குரல். போய்ப் பார்த்தால், பாத்திரம் கழுவும் எந்திரத்தின் கதவடியிலிருந்து தண்ணீர் புறப்பட்டு, ஃப்ரிட்ஜைச் சுற்றிக்கொண்டு ஹால் பக்கம் போய்க்கொண்டிருந்தது. பட்டுக்கோட்டைப் பக்கம் எங்கள் வாய்க்காலில் ஆடி மாதம் முதல் தண்ணீர் வருமே, அதே நடை.

புனேயில் எங்கள் குடியிருப்பில் பலரையும் போல நாங்களும் 2020 ஊரடங்கு தளர்ந்த கையோடு இந்த எந்திரத்தை வாங்கினோம். பாத்திரம் தேய்க்க வரும் மௌசியை வாசல் கேட்டிலேயே நிறுத்திவிட்ட மாதங்கள் அவை. ஐந்து பேர் சாப்பிட்ட பாத்திரத்தை மூன்று வேளையும் தேய்த்தபோதுதான், அந்த அம்மாள் இத்தனை வருடம் என்ன செய்துகொண்டிருந்தார் என்பது எங்களுக்கு உறைத்தது.

சர்வீஸ் ஆள் வந்தார். டார்ச் அடித்துப் பார்த்தார். "கதவையே மாத்தணும் சார்" என்றார். ஒன்பதாயிரத்துச் சொச்சம். தேய்மானம் போக எந்திரத்தின் மதிப்பு என்ன, அதற்கு இவ்வளவு செலவு தகுமா என்று வங்கிக்காரன் மூளை கணக்குப் போட ஆரம்பித்தது. ஊரிலிருந்து வந்து எங்களோடு இருக்கும் அம்மா, காய் நறுக்கியபடியே கேட்டார்:

"குக்கர்ல ஆவி போனா கேஸ்கெட்டைத்தானேப்பா மாத்துவோம்? குக்கரையா மாத்துவோம்?"

பி.காம். படித்து, இருபது வருடம் கடன் விண்ணப்பங்களைப் பிரித்து மேய்ந்தவனுக்கு இது தோன்றவில்லை. கதவைத் திறந்து ஓரத்தைத் தடவிப் பார்த்தேன். மூன்று பக்கமும் ஓடும் கறுப்பு ரப்பர் பட்டை, ஒரு மூலையில் தட்டையாகி, காய்ந்த வடகம் மாதிரி விறைத்துக் கிடந்தது. புதுப் பட்டைக்குச் சொல்லிவிட்டேன். அது வந்து சேர மூன்று நாள். அந்த மூன்று இரவும் இந்தப் பட்டையின் பூர்வீகத்தைத் தேடிப் படித்தேன். எங்கேயோ ஆரம்பித்து எங்கள் வீட்டு வாசலிலேயே வந்து நின்றது.

மாவும் சணலும் தோலும்

இரண்டு கடினமான பொருள்களை எவ்வளவு இழைத்துப் பொருத்தினாலும் நடுவே மயிரிழை இடைவெளி இருக்கும். தண்ணீருக்கும் ஆவிக்கும் அது போதும். அந்த இடைவெளியை அடைக்க, இரண்டுக்கும் நடுவே விட்டுக்கொடுக்கிற மூன்றாவது பொருள் ஒன்று வேண்டும். தம் பிரியாணிக்காரர்கள் சட்டி விளிம்பில் மைதா மாவை உருட்டி ஒட்டி மூடியை அழுத்துகிறார்களே, அதுவும் ஒரு கேஸ்கெட்தான். ஒரு தடவைக்கு மட்டும் உதவும்.

ஐரோப்பாவில் நீராவி எந்திரம் வந்த 18ஆம் நூற்றாண்டில், உருளைக்கும் உள்ளே ஓடும் தண்டுக்கும் நடுவே சணல் கயிற்றைச் சுற்றி மாட்டுக் கொழுப்பைத் தடவினார்கள். தண்ணீர்ப் பம்புகளில் தோல் வாஷர். நம் ஊர் அடிபம்பிலும் தோல் வாஷர்தான் இருந்தது. அது காய்ந்துவிட்டால் மேலே ஒரு சொம்புத் தண்ணீர் ஊற்றி அடித்தது நினைவிருக்கும். சணல் பிய்ந்துபோகும், கொழுப்பு உருகும், தோல் காயும். அமுக்கினால் அமுங்கி, விட்டால் பழைய உருவத்துக்கே திரும்பி வருகிற ஒரு பொருளுக்காக உலகம் காத்திருந்தது.

1839: ஒரு கடனாளியும் ஒரு குழந்தையும்

ரப்பர் அப்போதே இருந்தது. தென் அமெரிக்கப் பழங்குடிகளுக்குக் காலங்காலமாகத் தெரிந்த பொருள்தான். 1830களில் அமெரிக்காவில் ரப்பர் செருப்பு, ரப்பர் கோட்டு என்று கம்பெனிகள் முளைத்தன, பணம் கொட்டியது. ஆனால் வெயில் காலத்தில் எல்லாம் இளகிப் பிசுபிசுத்து நாறியது. பனிக்காலத்தில் விறைத்து வெடித்தது. கம்பெனிகள் வரிசையாகத் திவாலாயின.

அந்த நேரத்தில்தான் சார்லஸ் குட்இயர் ரப்பரைப் பிடித்துக்கொண்டார். வேதியியல் படித்தவர் இல்லை. இரும்புச் சாமான் வியாபாரத்தில் நொடித்துப்போய், கடனுக்காகச் சிறைக்குப் போய் வந்தவர். பார்த்த பொடியையெல்லாம் ரப்பரில் கலந்து பார்த்தார். 1839இல், மாசசூசெட்ஸ் மாநிலத்து ஊபர்ன் என்ற ஊரில், கந்தகம் கலந்த ரப்பர் துண்டு ஒன்று சூடான அடுப்பின் மேல் பட்டது. உருகி ஓடும் என்று எதிர்பார்த்தால், தோல் போல் இறுகி நின்றது, வளையவும் செய்தது. ரப்பரின் நீண்ட இழைகளைக் கந்தகம் ஆங்காங்கே பாலம் போட்டுக் கட்டிவிடுகிறது. அதனால் இழுத்தாலும் அமுக்கினாலும் பழைய இடத்துக்கே வந்துவிடுகின்றன என்பது பின்னாளில் தெரிந்த விளக்கம்.

1844இல் அமெரிக்கக் காப்புரிமை வாங்கினார். ஆனால் அவருடைய மாதிரித் துண்டுகளைப் பார்த்திருந்த தாமஸ் ஹான்காக் இங்கிலாந்தில் முந்திக்கொண்டார். இதற்கு 'வல்கனைசேஷன்' என்று ரோமானியர்களின் நெருப்புக் கடவுள் பெயரை வைத்ததும் ஹான்காக்கின் நண்பர்தான். குட்இயர் 1860இல் இறந்தபோது சுமார் 2 லட்சம் டாலர் கடன் பாக்கி. அவர் பெயரைத் தாங்கிய டயர் கம்பெனி 1898இல் வேறு ஆட்கள் ஆரம்பித்தது. அவருக்கோ குடும்பத்துக்கோ அதில் பங்கு கிடையாது. அவர் என் மேஜைக்கு வந்திருந்தால் நானும் கடன் கொடுத்திருக்க மாட்டேன். அடமானம் என்ன வைப்பார், சூடான அடுப்பையா? :-)

அதே 1839ஆம் ஆண்டு மார்ச்சில் அமெரிக்காவின் ஒஹையோ மாநிலத்தில் ஒரு பெண் குழந்தை பிறந்தது. நம் எந்திரத்தின் தாய் அவர்தான்.

ஷெல்பிவில் சீமாட்டி

ஜோசஃபின் காக்ரேன், இல்லினாய் மாநிலத்து ஷெல்பிவில் ஊரில் வசதியாக வாழ்ந்தவர். வீட்டில் விருந்து நடக்கும், பரம்பரைப் பீங்கான் தட்டுகள் வெளியே வரும், வேலையாட்கள் கழுவும்போது விளிம்பு உடையும். நானே கழுவுகிறேன் என்று இறங்கியவருக்குச் சீக்கிரமே கை சலித்தது. இதற்கு ஏன் ஓர் எந்திரம் இல்லை என்ற கேள்வி வந்தது.

1883இல் கணவர் இறந்தார். வைத்துவிட்டுப் போனதில் பெரும்பங்கு கடன். பொழுதுபோக்காக இருந்த யோசனை அன்றிலிருந்து பிழைப்பானது. வீட்டுக்குப் பின்னால் இருந்த கொட்டகையில், ஜார்ஜ் பட்டர்ஸ் என்ற மெக்கானிக்கைத் துணைக்கு வைத்துக்கொண்டு எந்திரம் கட்டினார். தட்டுகளை அளந்து அதற்கேற்ற கம்பி அறைகள். அவற்றைத் தாங்கும் சக்கரம். அது சுழலும் செம்புக் கொப்பரை. தட்டுகள் மேல் பீய்ச்சியடிக்கும் சூடான சோப்புத் தண்ணீர். இவர் தண்ணீரின் வேகத்தைத் தேய்க்க விட்டார். இன்று வரைக்கும் அடிப்படை அதுதான். 1886 டிசம்பர் 28இல் காப்புரிமை.

விற்பதுதான் பெரும்பாடு. சிகாகோவின் பெரிய ஹோட்டல்கள் முதல் வாடிக்கையாளர்கள். ஒரு பெண் துணையில்லாமல் ஹோட்டல் கூடத்தைக் கடந்து நடப்பதே தவறு என்று நினைத்த காலம். அப்படி நடந்ததுதான் ஏறக்குறைய தன் வாழ்க்கையிலேயே மிகக் கடினமான காரியம் என்று பின்னாளில் சொல்லியிருக்கிறார். 1893 சிகாகோ உலகக் கண்காட்சியில் அங்கிருந்த உணவகங்களில் அவர் எந்திரங்கள் ஓடின, பரிசும் வாங்கின. விவேகானந்தர் பேசினாரே, அதே கண்காட்சியை ஒட்டி நடந்த மாநாட்டில்தான்.

ஆனால் வீடுகளுக்குள் அது நுழையவில்லை. விலை அதிகம், அவ்வளவு வெந்நீர் வீட்டில் கிடையாது. 1913இல் அவர் இறந்தார். 1926இல் ஹோபார்ட் நிறுவனம் அவருடைய கம்பெனியை வாங்கியது. 1949இல் அதன் கிச்சன்எய்ட் பெயரில் வீட்டு எந்திரம் வந்தது.

இதற்கிடையே, 1924இல் வில்லியம் ஹோவர்ட் லிவன்ஸ் என்ற ஆங்கிலேயப் பொறியாளர் வீட்டுக்கேற்ற சிறிய எந்திரம் ஒன்றை வடிவமைத்தார். கம்பித் தட்டு, சுழலும் தெளிப்பான் எல்லாம் இருந்தன. முக்கியமாக, கதவு முன்பக்கம் இருந்தது. மூடி மேலே இருந்தால் தண்ணீர் தானாகவே கீழே நிற்கும், மூடிக்கு அதிக வேலை இல்லை. கதவு முன்னால் வந்ததும், உள்ளிருந்து அடிக்கும் சூடான தண்ணீரை ஒவ்வொரு முறையும் ஓரத்தில் நின்று தடுக்க ஆள் வேண்டும். அந்த ஆள் ரப்பர்.

1920களில் அந்த ரப்பர் எங்கிருந்து வந்தது? இங்கேதான் நம் கதை ஆரம்பிக்கிறது.

பால்மரம்

ரப்பர் மரத்தின் தாயகம் அமேசான் காடு. 1876இல் ஹென்றி விக்காம் என்ற ஆங்கிலேயர் அங்கிருந்து சுமார் 70,000 விதைகளைக் கப்பலேற்றி லண்டன் கியூ தாவரப் பூங்காவில் சேர்த்தார். முளைத்தவை மூவாயிரத்துக்கும் குறைவு. அந்தக் கன்றுகளில் பெரும்பாலானவை இலங்கைக்குப் போயின. அடுத்த ஆண்டு 22 கன்றுகள் சிங்கப்பூருக்கு வந்தன. 1888இல் சிங்கப்பூர்ப் பூங்காவின் பொறுப்பேற்ற ஹென்றி ரிட்லி, மரத்தைக் கொல்லாமல் பட்டையை மட்டும் சீவித் தினமும் பால் எடுக்கும் முறையைக் கண்டுபிடித்தார். காப்பித் தோட்டக்காரர்களிடம் ரப்பர் நடச் சொல்லிச் சொல்லியே 'பைத்தியக்கார ரிட்லி' என்று பேர் வாங்கினார். 1896இல் மலாக்காவில் டான் சாய் யான் முதலில் துணிந்து பெரிய அளவில் நட்டார். கார் வந்தது, டயர் வந்தது, மலாயா உலகத்தின் ரப்பர் களஞ்சியமானது.

மரம் நட்டாயிற்று. பால் எடுக்கக் கை வேண்டுமே? தஞ்சாவூர், திருச்சி, சேலம், வட ஆற்காடு என்று தமிழ் ஜில்லாக்களிலிருந்து போன கைகள்தான் அவை. தோட்டத்தில் வேலை பார்க்கும் கங்காணி சொந்த ஊருக்கு வந்து, உறவுக்காரர்களிடமும் அக்கம்பக்கத்திலும் ஆள் சேர்ப்பார். 1907இல் தோட்ட முதலாளிகளிடம் வரி வசூலித்து ஒரு குடியேற்ற நிதி தொடங்கப்பட்டு, கப்பல் கட்டணம் அதிலிருந்து கொடுக்கப்பட்டது. நாகப்பட்டினத்திலோ சென்னையிலோ ஏறினால் பினாங்கு.

வெயில் ஏறினால் பால் சுரப்பது குறையும். அதனால் விடியும் முன்னே மரத்தடியில் நிற்க வேண்டும். சாய்வாக ஒரு நூலிழை ஆழத்துக்குப் பட்டையைச் சீவ வேண்டும். கூடப் போனால் மரம் கெடும், குறைந்தால் பால் வராது. சொட்டுச் சொட்டாகக் கோப்பையில் விழுந்த பாலை வாளியில் சேர்த்துச் சுமந்து, அமிலம் விட்டுத் தயிர் போல் உறைய வைத்து, உருளையில் தகடாக்கிப் புகை போடுவார்கள். ஆணும் பெண்ணும் செய்த வேலை. மலேசியத் தமிழர்கள் இன்றும் ரப்பர் மரத்தைப் 'பால்மரம்' என்றுதான் சொல்கிறார்கள். அட்டையும் கொசுவும் கடித்த காட்டில் அந்தப் பெயரை வைத்தவர்களின் மனசை நினைத்தால் என்னவோ செய்கிறது.

எங்கள் தாத்தாவின் அண்ணன் அப்படிப் போனவர். 1926 வாக்கில் என்று வீட்டில் சொல்வார்கள். எந்தத் தோட்டம் என்று யாருக்கும் சரியாகத் தெரியாது. மணியார்டர் வரும், கூடவே இரண்டு வரிக் கடுதாசி வரும். 1930களின் மந்தத்தில் ரப்பர் விலை விழுந்து, ஆயிரக்கணக்கானவர்களைக் கப்பலேற்றித் திருப்பி அனுப்பியபோது அவர் வரவில்லை. கூலியாட்களைச் செலவு கொடுத்து அனுப்பும் முறையை 1938இல் இந்திய அரசு நிறுத்தியது. அப்போதும் வரவில்லை. 1941 டிசம்பரில் ஜப்பான் மலாயாவில் இறங்கியது. 1942 பிப்ரவரி 15இல் சிங்கப்பூர் விழுந்தது. கடுதாசி நின்றது.

சயாமுக்கும் பர்மாவுக்கும் நடுவே 415 கிலோமீட்டர் ரயில் பாதை போட ஜப்பானியர்கள் மலாயாத் தோட்டங்களிலிருந்து பல்லாயிரக்கணக்கான தமிழர்களைக் கொண்டுபோனார்கள். காலராவிலும் பசியிலும் அடியிலும் செத்தவர்களுக்கு முறையான கணக்கே இல்லை. மேற்கத்தியப் போர்க்கைதிகளுக்கு அங்கே வரிசை வரிசையாகப் பெயர் பொறித்த கல்லறைகள் உண்டு. எங்கள் பெரிய தாத்தா அந்தப் பாதைக்குப் போனாரா, தோட்டத்திலேயே முடிந்தாரா? தாத்தா இருந்தவரை, இறந்த திதி தெரியாதவர் என்று மகாளய அமாவாசையில்தான் அவருக்கு எள்ளும் தண்ணீரும் விட்டார். எல்லாக் கணக்கையும் நாள் முடியுமுன் நேர் செய்கிற வேலையில் இருக்கிறேன் நான். எங்கள் வீட்டிலேயே ஒரு பதிவு இத்தனை வருடமாக நேராகாமல் கிடக்கிறது.

போர் தந்த புது ரப்பர்

மலாயா கைமாறியதும் உலக ரப்பரில் ஏறத்தாழ 90 சதவீதம் ஜப்பான் பக்கம் போனது. அமெரிக்கா திணறியது. டயர் தேயக்கூடாது என்பதற்காகவே பெட்ரோலுக்கு ரேஷன் வைத்தார்கள். பழைய ரப்பர் செருப்பு, குழாய் எல்லாவற்றையும் கொண்டுவந்து கொடுங்கள் என்று ஜனாதிபதி ரூஸ்வெல்ட் மக்களைக் கேட்டார். அவசர அவசரமாகச் செயற்கை ரப்பர் ஆலைகள் எழுந்தன. பால்மரம் இல்லாமலும் ரப்பர் உண்டு என்று உலகம் கற்றுக்கொண்டது அப்போதுதான்.

போருக்குப் பிறகு ஜெர்மனியின் கார்ல் சீக்ளரும் இத்தாலியின் ஜூலியோ நாட்டாவும் கண்டுபிடித்த வினையூக்கிகளால் புதுப்புதுப் பிளாஸ்டிக்கும் ரப்பரும் செய்ய முடிந்தது. 1963இல் இருவருக்கும் நோபல் பரிசு. அந்த வழியில் 1960களின் தொடக்கத்தில் சந்தைக்கு வந்ததுதான் ஈ.பி.டி.எம். ரப்பர். எத்திலீன், புரோப்பிலீன், டையீன் மூன்றும் சேர்ந்தது. இயற்கை ரப்பர் வெந்நீரிலும் காற்றிலும் சீக்கிரம் மூப்படையும். இது கொதிநீருக்கும் காரமான சலவைப் பொடிக்கும் அசராது. இன்றைய பாத்திர எந்திரக் கதவுகளில் பெரும்பாலும் இருப்பது இதுதான். டையீனைச் சேர்த்ததே, பழைய குட்இயர் முறைப்படி கந்தகத்தால் இறுக்க முடிய வேண்டும் என்பதற்காக. அந்தக் கடனாளி இன்னும் உள்ளே இருக்கிறார்.

ரப்பரின் வேலை அமுங்குவது மட்டுமல்ல, திரும்பி வருவது. 1986 ஜனவரி 28இல் சேலஞ்சர் விண்கலம் ஏழு பேரோடு வெடித்ததற்குக் காரணம் ராக்கெட் இணைப்பில் இருந்த ரப்பர் வளையம். இரவெல்லாம் உறைகுளிர். குளிரில் ரப்பர் திரும்பி வர நேரமாகும், அந்த நேரத்தில் நெருப்பு வெளியே வந்துவிட்டது. விசாரணையில் இயற்பியலாளர் ஃபெயின்மன், அந்த ரப்பரை ஒரு கிடுக்கியில் அமுக்கி ஐஸ் தண்ணீரில் போட்டு, எடுத்து விட்டுக் காட்டினார். அது சட்டென்று நிமிரவில்லை. அவ்வளவுதான் நிரூபணம்.

மீண்டும் அடுப்படி

நான்காம் நாள் பட்டை வந்தது. மின்சாரத்தை அணைத்தேன், தண்ணீர்க் குழாயை மூடினேன். பழையதை எந்தப் பக்கம் எப்படி இருக்கிறது என்று மொபைலில் படம் எடுத்துக்கொண்டு, ஒரு முனையிலிருந்து இழுத்தேன். பள்ளத்திலிருந்து முழுசாக வந்துவிட்டது. பள்ளத்துக்குள்ளே சோற்றுப் பருக்கை, கடுகு, உப்புத் தண்ணீர் விட்டுப்போன வெள்ளைப் படிவு. பழைய டூத் பிரஷ்ஷும் வினிகரும் வைத்துத் தேய்த்தேன். பார்சலில் மடங்கி வந்த புதுப் பட்டையை வெதுவெதுப்பான நீரில் பத்து நிமிஷம் போட்டேன், மடிப்பு போனது. மேல் நடுவிலிருந்து ஆரம்பித்து, இழுக்காமல், கட்டை விரலால் அழுத்திக்கொண்டே இரண்டு பக்கமும் இறங்கினேன். பசை எதுவும் வேண்டாம். கதவின் அடி விளிம்பில் தனியாக இருக்கும் சின்னப் பட்டையையும் துடைத்துப் பார்த்தேன், அது நன்றாகத்தான் இருந்தது. அரைமணி நேர வேலை. செலவு அறுநூற்றைம்பது ரூபாய்.

எந்திரத்தைக் காலியாக ஓட விட்டு ஐந்து பேரும் தரையைப் பார்த்துக்கொண்டு நின்றோம். ஒரு சொட்டு இல்லை.

அம்மா மேஜையில் கிடந்த பழைய பட்டையை எடுத்து விரலால் அமுக்கிப் பார்த்தார். அமுங்கிய இடம் அமுங்கியபடியே இருந்தது. மூன்று நாளாக நான் படித்ததையெல்லாம் சாப்பாட்டு வேளையில் கேட்டுக்கொண்டிருந்தவர்.

"இதுக்காகவா பெரிய மாமா அவ்ளோ தூரம் போனாரு?"

"இது அந்த ரப்பர் இல்லம்மா. இது ஆலையில செய்யுறது."

"எதுவா இருந்தா என்னப்பா. அவர் பேரு உனக்குத் தெரியுமா?"

தெரியாது. பெரிய தாத்தா என்று மட்டும்தான் தெரியும். அம்மா சொன்னார். என் பெண் அதை அவளுடைய நோட்டில் எழுதி வைத்தாள், ஊர்ப் பெயரோடு, 1926 என்ற வருடத்தோடு. உங்கள் வீட்டிலும் அப்படிக் கப்பலேறிய ஒருவர் இருந்திருக்கலாம். பெரியவர்கள் இருக்கும்போதே பெயரைக் கேட்டு எழுதி வைத்துக்கொள்ளுங்கள்.

பி.கு.: பட்டை விறைத்தால் தேங்காய் எண்ணெயோ வாசலினோ தடவாதீர்கள். வாசலின், கிரீஸ் மாதிரி பெட்ரோலியச் சரக்கு பட்டால் ஈ.பி.டி.எம். ஊதிக் கெட்டுவிடும். வாரம் ஒரு தடவை ஈரத்துணியால் துடைத்தாலே போதும். தண்ணீர் கசிந்தால் பட்டையைக் குறை சொல்லும் முன், எந்திரம் சமமாக நிற்கிறதா, கை கழுவும் சோப்பை யாராவது உள்ளே ஊற்றி நுரை பொங்குகிறதா என்றும் பாருங்கள். எங்கள் வீட்டில் அந்த இரண்டாவது காரியத்தைச் செய்தவன் யார் என்பதைச் சொன்னால் தங்கமணி சிரிப்பார், அதனால் சொல்லவில்லை.